இரும்புக்கும் சோர்வு வரும்: மிக்ஸர் டிரம்மில் விழும் விரிசலின் கதை

இந்த வாரக் கதையில் ராஜா இல்லை, போர் இல்லை. ஒரு விரிசல்தான் ஹீரோ. இல்ல, வில்லன்னும் சொல்லலாம். கேட்டு முடிச்சிட்டு நீங்களே முடிவு பண்ணுங்க.

சிக்னல்ல நம்ம பைக்குக்குப் பக்கத்துல வந்து நிக்கிற ரெடி மிக்ஸ் லாரியை எல்லாரும் பார்த்திருப்போம். லாரி நின்னாலும் முதுகில் இருக்கிற பெரிய டிரம் மட்டும் மெதுவா சுத்திக்கிட்டே இருக்கும். சுத்துறதை நிறுத்தினா உள்ளே ஜல்லி அடியில் தங்கிடும், கலவை இறுக ஆரம்பிச்சிடும்.

அதுல எவ்வளவு எடை இருக்கும்? பரவலா ஓடுற ஒரு டிரம் 6 கன மீட்டர் கான்கிரீட்டைச் சுமக்கும். ஒரு கன மீட்டர் கான்கிரீட் சுமார் 2,400 கிலோ. ஆக, 14 டன்னுக்கு மேல். அதைப் பிடிச்சு வச்சிருக்கிற தகடோ சில மில்லிமீட்டர் தடிமன்தான்.

இப்படிப்பட்ட டிரம் சில வருஷம் ஓடினதும் யார்டில் வழக்கமா நடக்கிற ஒண்ணு இருக்கு. உள்ளே இருக்கிற சுருள் பிளேடு தகட்டோடு சேரும் இடத்தில் முடி மாதிரி ஒரு கோடு தெரியும். கொஞ்ச நாளில் அந்தக் கோடு வழியா சிமென்ட் தண்ணி கசியும். வெல்டர் வருவார், கோட்டுக்கு மேலேயே ஒரு வெல்டிங் இழுப்பார். பெயிண்ட் அடிச்சு லாரியை அனுப்பிடுவாங்க. சில மாசம் கழிச்சுப் பார்த்தா அதே இடத்தில், இல்லைன்னா ஒரு இன்ச் தள்ளி, மறுபடியும் கோடு. "தகடு மட்டம்" என்பார் ஒருத்தர். "வெல்டர் சரியில்ல" என்பார் இன்னொருத்தர்.

தாங்க முடிஞ்ச எடையை மட்டுமே சுமந்த இரும்பு எப்படிக் கிழியும்? இந்தக் கேள்விக்குப் பதில் கண்டுபிடிக்க மனுஷனுக்கு ரொம்ப காலம் ஆச்சு, நிறைய உயிர் போச்சு. இன்னைக்கு ஒரு யார்டில் மிக்ஸரைப் பராமரிக்கச் சொல்லித் தர்ற ஒவ்வொரு விதிக்குப் பின்னாலும் அந்த வரலாற்றில் ஒரு பக்கம் இருக்கு. அதைத்தான் இன்னைக்குப் புரட்டப் போறோம்.

அறுந்து விழுந்த சங்கிலிகள்

கதை ஜெர்மனியில், ஹார்ட்ஸ் மலைப் பகுதியில் தொடங்குகிறது. கிளவுஸ்தால் என்ற சுரங்க ஊர். அங்கே சுரங்க நிர்வாகத்தில் இருந்தவர் வில்ஹெல்ம் ஆல்பர்ட். தாதுவை மேலே இழுக்கும் இரும்புச் சங்கிலிகள் திடீர் திடீரென்று அறுந்து விழுந்தன. நேற்று இதைவிட அதிக எடையைத் தூக்கிய சங்கிலி, இன்று குறைந்த எடைக்கு அறுகிறது.

ஆல்பர்ட் யார் மேலயும் பழி போடல. சோதனை செய்ய ஒரு கருவி கட்டினார். சங்கிலிக்கு எடை ஏற்றுவது, இறக்குவது, மறுபடி ஏற்றுவது. அவ்வளவுதான் அந்தக் கருவியின் வேலை. 1837-ல் முடிவுகளை வெளியிட்டார். சங்கிலி அறுவதற்கு எவ்வளவு எடை என்பது மட்டும் காரணமில்லை, எத்தனை முறை என்பதும் காரணம். உலோகத்தின் சோர்வைப் பற்றி நமக்குக் கிடைத்திருக்கும் முதல் சோதனை அறிக்கை இதுதான் என்கிறார்கள்.

இது புரியலைன்னா ஒரு ஜெம் கிளிப்பை எடுங்க. ஒரு தடவை வளைச்சா உடையாது. முன்னும் பின்னுமா வளைச்சுக்கிட்டே இருங்க. பத்து இருபது தடவைக்குள்ள 'டக்'. நீங்க ஒரு தடவைகூட கூடுதல் பலம் போடல. எண்ணிக்கைதான் உடைச்சது.

ஆல்பர்ட் ஒரு படி மேலேயும் போனார். சங்கிலிக்குப் பதிலாக, மெல்லிய இரும்புக் கம்பிகளை முறுக்கிக் கயிறாக்கினார். 1834-ல் அது சுரங்கத்தில் வேலைக்கு வந்தது. சங்கிலியில் ஒரு வளையம் போனால் எல்லாம் போச்சு. கம்பிக் கயிற்றில் ஒரு இழை அறுந்தாலும் மற்ற இழைகள் தாங்கும், அறுந்த இழை கண்ணுக்கும் தெரியும். இன்றைக்கும் நாம் ஏறும் பல லிஃப்டுகளை இழுப்பது இரும்புக் கம்பிக் கயிறுதான்.

பூட்டிய கதவுகளுக்குள்ளே

மலைச் சுரங்கத்தில் நடந்த சோதனை ஐரோப்பாவின் ரயில் கம்பெனிகளை உலுக்கவில்லை. அவர்களை உலுக்க ஒரு பேரழிவு வர வேண்டியிருந்தது.

1842 மே 8. பாரிஸுக்குப் பக்கத்தில் வெர்சாய் அரண்மனையில் மன்னர் லூயி பிலிப்பைக் கொண்டாடும் விழா. நீரூற்றுகளைப் பார்க்கப் போன கூட்டம் சாயங்காலம் ரயிலில் பாரிஸ் திரும்புகிறது. இரண்டு இன்ஜின்கள் இழுக்கும் நீண்ட ரயில். மியூதோன் அருகே முன்னால் போன இன்ஜினின் அச்சு முறிந்தது. இன்ஜின் தடம்புரள, பின்னால் வந்த பெட்டிகள் அதன் மேல் ஏறின. இன்ஜின் நெருப்பு மரப்பெட்டிகளைப் பிடித்துக்கொண்டது.

அந்தக் காலத்து வழக்கப்படி பெட்டிக் கதவுகளைப் பூட்டி வைத்திருந்தார்கள். உள்ளே இருந்தவர்களால் வெளியே வர முடியவில்லை. 50 பேருக்கு மேல் இறந்தார்கள். தென் துருவக் கடல் வரை போய்விட்டு உயிரோடு திரும்பிய கடலோடி துமோன் துர்வில், மனைவியோடும் மகனோடும் இங்கே எரிந்துபோனார்.

அச்சு ஏன் முறிந்தது? அப்போது பரவலாக இருந்த விளக்கம் இது: ரயில் அதிர்ந்துகொண்டே இருப்பதால் நாரான இரும்பு மெதுவாகப் படிகமாக மாறிவிடுகிறது, அப்புறம் கண்ணாடி மாதிரி உடைகிறது. முறிந்த முகம் பளபளவென்று படிகம் போலத் தெரிந்ததால் பலர் இதை நம்பினார்கள்.

ஸ்காட்லாந்தைச் சேர்ந்த வில்லியம் ரேங்கின், 22, 23 வயசுப் பையன், முறிந்த அச்சுகள் பலவற்றை எடுத்துப் பார்த்தார். 1843-ல் எழுதினார். அச்சு ஒரே நொடியில் முறிவதில்லை. அதன் தடிமன் சட்டென்று மாறும் கழுத்துப் பகுதியில், அந்தக் கூரான மூலையில், முதலில் ஒரு விரிசல் விழுகிறது. அது சுற்றிலும் மெதுவாக உள்ளே இறங்குகிறது. நடுவில் மிச்சமிருக்கும் நல்ல இரும்பால் தாங்க முடியாத அன்றைக்குத்தான் நமக்கு 'டமார்' கேட்கிறது. அவர் சொன்ன தீர்வும் எளிமையானது: அந்த மூலையைக் கூராக விடாமல் வளைவாகச் செய்யுங்கள்.

இதை நல்லா ஞாபகம் வச்சுக்கோங்க. விபத்து ஒரு நாளில் நடக்குது. ஆனா விரிசல் பல மாசமா, சில சமயம் பல வருஷமா, யாராவது பார்ப்பாங்களான்னு காத்துக்கிட்டு இருக்கு.

வோலர் கட்டிய மெஷினும் லாரி முதுகில் இருக்கும் மெஷினும்

அடுத்த ஆள் ஆகஸ்ட் வோலர். பிரஷ்ய ரயில்வே பொறியாளர். 1850-களில் தொடங்கி 1870 வரை ஒரே கேள்வியைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தார். ஓடும் ரயிலின் அச்சு எவ்வளவு வளைகிறது என்று அளந்தார். பிறகு அதே வளைவை ஒர்க்‌ஷாப்பில் உண்டாக்க மெஷின்கள் கட்டினார். ஒரு உருளைத் தண்டில் எடையைத் தொங்கவிட்டு, தண்டைச் சுழற்றுவது. உடையும்வரை சுழற்றி, எத்தனை சுற்றில் உடைந்தது என்று எழுதி வைப்பது.

தண்டு சுழலும்போது என்ன நடக்கும்? அதன் மேல் ஒரு புள்ளியைக் குறிச்சு வச்சுக்கோங்க. மேலே இருக்கும்போது அந்தப் புள்ளி அமுங்குது என்றால், அரைச் சுற்று சுற்றிக் கீழே வரும்போது இழுபடும். மறுபடி மேலே போனால் அமுக்கம். ஒவ்வொரு சுற்றும் ஜெம் கிளிப்பை ஒரு தடவை முன்னும் பின்னும் வளைக்கிற மாதிரி.

இப்போ மிக்ஸர் டிரம்முக்கு வாங்க. முன்பக்கம் அதை கியர்பாக்ஸ் பிடித்திருக்கிறது. பின்பக்கம் டிரம்மைச் சுற்றியிருக்கும் வளையம் இரண்டு ரோலர்களின் மேல் உட்கார்ந்து ஓடுகிறது. நடுவில் 14 டன் தொங்குகிறது. மொத்தமும் சுழல்கிறது. இது வோலர் கட்டிய சோதனை மெஷினேதான்! என்ன வித்தியாசம்னா, அது ஒர்க்‌ஷாப்பில் ஓடுச்சு, இது ரோட்டில் ஓடுது. சுமை ஏற்றின ஒவ்வொரு மிக்ஸர் லாரியும் தன் டிரம் மேல் தானே சோதனை நடத்திக்கிட்டுப் போகுது.

ஒரு சின்னக் கணக்கு போடுவோம். நிமிடத்துக்கு 3 சுற்று, ஒரு நாளில் சுமையோடு 5 மணி நேரம், வருஷத்துக்கு 300 நாள் என்று வைத்துக்கொள்வோம். ஒரு நாளைக்கு 900 சுற்று. வருஷத்துக்கு 2,70,000. ஐந்து வருஷத்தில் 13,50,000. கலக்கும்போது டிரம் இதைவிட வேகமாகச் சுற்றும், அதை இதில் சேர்க்கவில்லை.

வோலர் கண்ட முக்கியமான உண்மை இதுதான்: ஒரு பொருள் சுமக்கும் அதிகபட்ச அழுத்தத்தைவிட, அந்த அழுத்தம் எங்கிருந்து எங்கே வரை ஏறி இறங்குகிறது என்பதே அதன் ஆயுளை அதிகம் தீர்மானிக்கிறது.

இங்கே ஒரு சுவாரசியமான விஷயம். அமெரிக்காவில் ஸ்டீபன் ஸ்டெபானியன் என்பவர், லாரி மேலேயே சுழலும் மிக்ஸருக்கு 1916-ல் காப்புரிமை கேட்டார். முதலில் மறுத்துவிட்டார்கள். இவ்வளவு பெரிய மிக்ஸரின் எடையை ஒரு லாரி தாங்காது என்பதுதான் காரணம் என்று சொல்லப்படுகிறது. எடையைப் பற்றின அந்தப் பயத்தை லாரிகள் சீக்கிரமே பொய்யாக்கிடுச்சு. ஆனா எண்ணிக்கையைப் பத்தின பயம் இருந்திருக்கணும். அது இன்னைக்கு வரைக்கும் உண்மை.

டிரம் மெலியும், கணக்கு மாறும்

இதோட இன்னொண்ணும் சேருது. டிரம்முக்குள் ஜல்லியும் மணலும் சும்மா இருக்காது. தகட்டைத் தேய்த்துக்கொண்டே இருக்கும். புதுசில் 4 மில்லிமீட்டர் இருந்த தகடு தேய்ந்து 3 மில்லிமீட்டர் ஆனால் என்ன ஆகும்? தகட்டின் அழுத்தம் சுமார் மூன்றில் ஒரு பங்கு கூடும். "சரி, ஆயுளும் மூன்றில் ஒரு பங்குதானே குறையும்" என்று தோன்றும். இல்லை. வெல்டிங் மூட்டுகளுக்கான டிசைன் விதிகளில், ஆயுள் அழுத்தத்தின் மூன்றாவது அடுக்கைப் பொறுத்துக் குறைகிறது. அழுத்தம் இரண்டு மடங்கானால் ஆயுள் எட்டில் ஒரு பங்கு. நம்ம 3 மில்லிமீட்டர் தகட்டுக்கு, பாதிக்கும் கீழே.

அதனால்தான் அனுபவமுள்ள யார்டுகளில் தகட்டின் தடிமனை அல்ட்ராசோனிக் கருவியால் அவ்வப்போது அளந்து எழுதி வைப்பார்கள். டிரம்முக்குள் காய்ந்து ஒட்டின கான்கிரீட்டை விடாமல் அகற்றச் சொல்வதற்கும் இதே கணக்குதான் காரணம். ஒட்டின கான்கிரீட் ஒவ்வொரு டிரிப்பும் கூடவே வரும் செத்த எடை. ஒரு பக்கம் மட்டும் ஒட்டியிருந்தால் டிரம் ஆட்டமும் போடும். லோடு இறக்கினதும் தண்ணி விட்டுக் கழுவும் பத்து நிமிஷத்தைப் பலரும் சுத்தத்துக்கான வேலைன்னு நினைக்கிறாங்க. அது டிரம்மோட ஆயுளுக்கான வேலை.

தைத்த இரும்பு, ஒட்டிய இரும்பு

ரேங்கின் சொன்ன மூலைக்கு மறுபடி வருவோம். 1913-ல் கேம்பிரிட்ஜின் சார்லஸ் இங்லிஸ் அதைக் கணக்கில் நிரூபித்தார். தகட்டில் ஒரு துளை இருந்தால், துளையின் ஓரத்தில் அழுத்தம் பல மடங்கு குவியும். துளை எவ்வளவு கூராக முடிகிறதோ அவ்வளவு அதிகம். விரிசலின் நுனியைவிடக் கூரான முனை எது இருக்கு? அதனால்தான் விரிசல் தன்னைத் தானே வளர்த்துக்கொள்ளும்.

இரண்டாம் உலகப் போரில் இது கடலில் தெரிந்தது. அமெரிக்கா லிபர்டி கப்பல்கள் என்று 2,700-க்கும் மேற்பட்ட சரக்குக் கப்பல்களை வேகவேகமாகக் கட்டியது. பழைய முறையில் தகடுகளை ரிவெட் அடித்துச் சேர்ப்பார்கள், துணி தைப்பது மாதிரி. புதிய முறை வெல்டிங். ரிவெட் அடித்த கப்பலில் ஒரு தகட்டில் விரிசல் ஓடினால் பெரும்பாலும் அந்தத் தகட்டின் ஓரத்தில் நின்றுவிடும். வெல்டிங் செய்த கப்பலோ ஒரே இரும்பு. விரிசலுக்கு நிற்க இடமே இல்லை. சரக்கு இறக்கும் வாசலின் சதுர மூலைகளில் இருந்து பல கப்பல்களில் விரிசல் கிளம்பியது.

1943 ஜனவரி 16 இரவு, ஒரேகான் மாகாணத்தின் போர்ட்லாண்டில், ஸ்கெனெக்டடி என்ற புத்தம் புதிய எண்ணெய்க் கப்பல் துறையில் கட்டியபடியே நின்றது. புயல் இல்லை, அலை இல்லை. பெரும் சத்தத்தோடு நடுவில் கிட்டத்தட்ட இரண்டாகப் பிளந்தது. கப்பல்கள் இப்படி உடைந்ததை ஆராய்ந்த கேம்பிரிட்ஜின் கான்ஸ்டன்ஸ் டிப்பர், குளிரில் அந்த எஃகு நொறுங்கும் தன்மைக்கு மாறுகிறது என்று காட்டினார். ஒரே காரணம் இல்லை. குளிரில் நொறுங்கும் எஃகு, வெல்டிங் குறைகள், கூரான மூலைகள் எல்லாம் சேர்ந்த கதை.

மிக்ஸர் டிரம்மும் முழுக்க வெல்டிங்தான். பிளேடின் அடியில் கிளம்பும் விரிசல் தகட்டுக்குள் இறங்கி, பக்கத்து மூட்டு வரை தடையில்லாமல் போகும். டிரம்மில் ஆள் நுழையும் கதவுக்கு வட்டமான மூலைகள் இருப்பதைக் கவனிச்சிருக்கீங்களா? அது அழகுக்கு இல்லை. ஓட்டை விழுந்த இடத்தில் ஒட்டுத் தகடு வைக்கும்போதும் மூலைகளை வட்டமாக வெட்டணும். சதுரமா வெட்டின ஒட்டு, நாளைக்கு நாலு விரிசலுக்கு நாலு தொடக்கப் புள்ளி.

ஒரு சின்ன வெல்டிங், 123 பேர்

இன்னைக்குச் சொன்ன எல்லாத்தையும் மறந்தாலும் இந்த ஒண்ணை மறக்காதீங்க.

1980 மார்ச் 27. வட கடலில், நார்வேயின் எகோஃபிஸ்க் எண்ணெய் வயல். அலெக்சாண்டர் கீலண்ட் என்ற மிதக்கும் மேடை. எண்ணெய் வயலில் வேலை செய்பவர்கள் தங்கும் விடுதியாக அதைப் பயன்படுத்தினார்கள். ஐந்து பெரிய கால்கள். அவற்றைக் குழாய் போன்ற தாங்கிகள் இணைத்திருந்தன. சாயங்காலம், பலத்த காற்று, பெரிய அலைகள். ஒரு தாங்கி முறிந்தது. அந்தக் காலைப் பிடித்திருந்த மற்ற தாங்கிகளும் ஒன்றன் பின் ஒன்றாக முறிந்தன. கால் பிய்ந்து போனது. மேடை சாய்ந்து, அரை மணி நேரம்கூட ஆகாமல் முழுசாகக் கவிழ்ந்தது. உள்ளே 212 பேர். 123 பேர் இறந்தார்கள்.

விசாரணை எங்கே போய் நின்றது தெரியுமா? அந்தத் தாங்கியில் ஹைட்ரோஃபோன், அதாவது தண்ணீருக்கு அடியில் ஒலி கேட்கும் கருவி, அதைப் பிடிக்க ஒரு சின்ன வளையம் பொருத்தியிருந்தார்கள். அதைச் சுற்றி 6 மில்லிமீட்டர் வெல்டிங். மேடையின் எடையைத் தாங்கும் வேலை அந்த வளையத்துக்கு இல்லை. அது வெறும் துணைப் பொருள். அதனால் அந்த வெல்டிங்கை யாரும் பெரிசா மதிக்கல. விரிசல் அங்கேதான் தொடங்கி, தாங்கியைச் சுற்றி வளர்ந்தது.

முறிந்த முகத்தை ஆராய்ந்தபோது விரிசலுக்குள் பெயிண்ட் இருந்தது. அதாவது, மேடையைக் கட்டிய இடத்தில் பெயிண்ட் அடித்தபோதே விரிசல் இருந்திருக்கிறது. யார் கண்ணிலும் படாமல், அதன் மேலேயே தூரிகை போயிருக்கிறது.

இதை மிக்ஸரோடு சேர்த்துப் பாருங்க. தண்ணி டேங்கைப் பிடிக்க ஒரு பிராக்கெட், ஏணிக்கு ஒரு கொக்கி, ஹோஸ் பைப் மாட்ட ஒரு கம்பி. "சின்னதுதானே" என்று யாரோ சேஸிஸிலோ டிரம்மைத் தாங்கும் பீடத்திலோ நேராக வெல்டிங் வைப்பார்கள். எடை தாங்காத அந்தச் சின்னப் பொருள், எடை தாங்கும் இரும்பில் கூரான மூலையை உண்டாக்கிவிடும். தயாரிப்பாளரின் கையேடுகளில் சேஸிஸ் மேல் கண்ட இடத்தில் வெல்டிங் வைக்காதே, போல்ட் போட்டு மாட்டு என்று எழுதியிருப்பது இதற்காகத்தான்.

"அப்போ இன்னும் பலமான எஃகு வாங்கிட்டா?" என்று கேட்கலாம். வெல்டிங் மூட்டின் சோர்வு ஆயுள், எஃகின் பலத்தை அவ்வளவாகச் சார்ந்தது இல்லை. மூட்டின் வடிவம்தான் முக்கியம். விலை அதிகமான தகடு, மோசமான மூட்டை மன்னிக்காது.

விரிசலைக் கிழித்துச் சரிசெய்த மணி

சரி, விரிசல் விழுந்தாச்சு. இப்போ என்ன செய்யறது? இதற்கு ஃபிலடெல்ஃபியாவில் ஒரு நல்ல பாடம் இருக்கு. அமெரிக்காவின் லிபர்ட்டி பெல். போட்டோவில் பார்த்தால் விரல் நுழையும் அளவு அகலமாக ஒரு பிளவு தெரியும். அதுதான் விரிசல் என்று எல்லோரும் நினைக்கிறோம். அது விரிசல் இல்லை, ரிப்பேர்! 1846-ல், மெல்லிய விரிசல் மேலும் ஓடாமல் இருக்கவும் அதன் இரண்டு பக்கமும் உரசாமல் இருக்கவும், தொழிலாளர்கள் அதை வேண்டுமென்றே துளையிட்டு அகலமாக்கினார்கள். அந்த வருஷம் வாஷிங்டன் பிறந்தநாளுக்கு மணி அடித்தார்கள். இன்னொரு மெல்லிய விரிசல் மேலே ஓடியது. மணி நிரந்தரமாக மௌனமானது.

அந்த யோசனை தப்பில்லை. விரிசலின் நுனியில் வட்டத் துளை போட்டால் கூர்மை போகும், அழுத்தம் பரவும். இன்னைக்கும் இதைச் செய்யறாங்க. ஆனா அது நேரம் வாங்கித் தரும் வேலை மட்டும்தான். காரணம் அப்படியே இருந்தால் விரிசல் வேறு வழி தேடும். இன்னொண்ணு, கண்ணுக்குத் தெரியும் நுனி உண்மையான நுனி இல்லை. விரிசல் அதைத் தாண்டியும் போயிருக்கும்.

உண்மையான நுனியை எப்படிப் பார்க்கிறது? பழைய ரயில்வே ஒர்க்‌ஷாப்புகளில் ஒரு எளிய வழி இருந்தது. இரும்பின் மேல் எண்ணெய் ஊற்றி ஊறவிடுவார்கள். நன்றாகத் துடைத்துவிட்டு மேலே சுண்ணாம்பு பூசுவார்கள். விரிசலுக்குள் ஒளிந்திருந்த எண்ணெய் மெதுவாக வெளியே வந்து வெள்ளைச் சுண்ணாம்பில் கறையாகக் கோடு போடும். இன்னைக்குக் கடையில் கிடைக்கிற சிவப்பு, வெள்ளை ஸ்பிரே டப்பாக்கள் செய்வது இதே வேலைதான். சில நூறு ரூபாய் விஷயம்.

அப்புறம் ஒழுங்கான ரிப்பேர் இப்படிப் போகும். விரிசலின் இரண்டு நுனிகளையும் கண்டுபிடித்து, அதைக் கொஞ்சம் தாண்டித் துளை போடுவது. விரிசல் முழுவதையும் கிரைண்டரால் அடிவரை செதுக்கி எடுப்பது. ஸ்பிரே அடித்து மிச்சம் இல்லை என்று உறுதி செய்வது. ஈரமில்லாமல் சூட்டுப்பெட்டியில் வைத்த லோ ஹைட்ரஜன் ராடால் வெல்டிங் வைப்பது. ராடில் ஈரம் இருந்தால் ஹைட்ரஜன் எஃகுக்குள் புகுந்து புது விரிசலுக்கு விதை போடும். கடைசியில் வெல்டிங் ஓரத்தைத் தேய்த்து வழவழப்பாக்கி, மறுபடி ஸ்பிரே அடித்துப் பார்ப்பது. எர்த் கிளாம்பை வேலை நடக்கும் இடத்துக்குப் பக்கத்திலேயே மாட்ட வேண்டும். இல்லையென்றால் மின்சாரம் ரோலர், கியர்பாக்ஸ் பேரிங் வழியாகப் பாய்ந்து, ஒரு ரிப்பேர் இன்னொரு ரிப்பேரைப் பெற்றெடுக்கும்.

பழைய விரிசலுக்கு மேலேயே வெல்டிங் இழுத்தா என்ன தப்புன்னு இப்போ புரிஞ்சிருக்கும். கீழே இருக்கிற விரிசல் அப்படியே இருக்கு, நுனியும் கூர்மையா இருக்கு. நாம செஞ்சது மூடி போட்டது மட்டும்தான்.

இதெல்லாம் செய்தபிறகும் ஒரு கேள்வி பாக்கி: ஏன் இந்த இடத்தில்? பின் ரோலர்களில் ஒன்று தேய்ந்து டிரம் கோணலாக ஓடுதா? பீடத்தின் போல்ட் தளர்ந்திருக்கா? அளவுக்கு மேல் லோடு போகுதா? தகடு மெலிஞ்சிருக்கா? இதுக்குப் பதில் தேடாத ரிப்பேர், லிபர்ட்டி பெல் ரிப்பேர் மாதிரிதான் முடியும்.

மூணு பத்திரிகைகள் திருப்பி அனுப்பிய கணக்கு

விரிசல் எவ்வளவு வேகமா வளரும்? இதற்கு விடை சொன்னவர் அமெரிக்காவின் பால் பாரிஸ். விரிசலின் நுனியில் குவியும் அழுத்தத்தை வைத்து, ஒவ்வொரு சுற்றிலும் அது எவ்வளவு நீளும் என்று கணக்கிடலாம் என்றார். மூன்று முக்கிய ஆய்விதழ்கள் அவர் கட்டுரையை நிராகரித்தன. 1961-ல் அது வாஷிங்டன் பல்கலைக்கழகத்தின் ஒரு இதழில் வெளியானது. இன்றைக்கு விமானங்களை எத்தனை பயணத்துக்கு ஒருமுறை சோதிக்க வேண்டும் என்று முடிவு செய்வது அவருடைய விதியின் வாரிசுகள்தான்.

யார்டுக்கு அதோட அர்த்தம் ரொம்ப எளிமை. சின்ன விரிசல் மெதுவா வளரும். பெரிய விரிசல் வேகமா வளரும். முதல் சென்டிமீட்டருக்குப் பல மாசம் எடுத்துக்கிட்ட விரிசல், அடுத்த சென்டிமீட்டருக்கு அவ்வளவு நேரம் தராது. "போன தடவையும் இப்படித்தான் இருந்துச்சு, ஒண்ணும் ஆகல" என்பது இங்கே செல்லாத வாதம்.

யார் பார்க்கிறது, யார் சொல்றது

கடைசியா ஒரு விஷயம். மிக்ஸர் டிரம்மில் விழும் விரிசலை முதலில் பார்க்கிறவர் யார்? பொறியாளர் இல்லை. லோடு இறக்கினதும் ஹோஸோடு நிக்கிற டிரைவரும் கிளீனரும். உள்ளே இறங்கி, காய்ந்த கான்கிரீட்டை உடைக்கிற தொழிலாளி.

அவர் வேலை செய்யும் இடம் காற்றோட்டம் குறைந்த, இருட்டான இரும்புக் கூண்டு. அங்கே வெல்டிங் புகை தங்கும். ஈரத்தில் மின்சாரம் பாயும். யாராவது தெரியாமல் ஸ்விட்சைத் தட்டினால் டிரம் சுற்றும். அதனால்தான் விதி: இன்ஜின் சாவி உள்ளே இறங்குபவரின் பாக்கெட்டில் இருக்க வேண்டும், காற்று உள்ளே போக ஊதுவிசிறி வேண்டும், வெளியே ஒரு ஆள் நின்று பார்த்துக்கொண்டே இருக்க வேண்டும். விரிசலைச் சரிசெய்யப் போய் ஒரு உயிரை இழந்தால், இந்த வரலாறு முழுவதும் நமக்கு எதையும் கற்றுத்தரவில்லை என்று அர்த்தம்.

நல்ல யார்டில் இன்னொரு பழக்கம் உண்டு. விரிசல் தெரிந்தால் அதன் இரண்டு நுனியிலும் மார்க்கரால் கோடு போட்டு, பக்கத்தில் தேதி எழுதுவார்கள். அடுத்த வாரம் கோட்டைத் தாண்டியிருந்தால் லாரி நிற்கும். இதுக்குப் பட்டம் வேண்டாம், பெரிய கருவியும் வேண்டாம். "அண்ணே, கோடு தாண்டிருச்சு, வண்டியை எடுக்காதீங்க" என்று கிளீனர் சொன்னால், அன்றைய லோடு போனாலும் பரவாயில்லை என்று கேட்கிற சூப்பர்வைசர் வேண்டும். கீலண்ட் மேடையில் பெயிண்டுக்கு அடியில் போன விரிசல் கேட்டதும் அவ்வளவுதான்: யாராவது ஒருத்தர் பார்த்து, யாராவது ஒருத்தர் காது கொடுத்திருக்கணும்.

விரிசல் ஹீரோவா வில்லனா? உங்க பதிலை எங்களுக்கு எழுதுங்க. அடுத்த வாரம் வேறொரு கதையோடு சந்திப்போம்.